தண்ணீர் நிற்கும்வரை நில்

அன்புள்ள தம்பிக்கு,

ஐ.டி.ஐ.யில் பிளம்பர் படிப்பை முடித்து, ஒரு மேஸ்திரியிடம் கை பழகி, இப்போது சென்னையில் தனியாக வேலைக்குப் போக ஆரம்பித்திருக்கிறாய். பைப்லைன் இழுப்பது, மோட்டார் பொருத்துவது என்று பெரிய வேலைகள் வரும். அவற்றுக்கு நடுவே "ஃப்ளஷ் டேங்க்ல தண்ணி நிக்கவே மாட்டேங்குது, கொஞ்சம் வந்து பாருங்க" என்ற அழைப்பும் வந்துகொண்டே இருக்கும். போவாய், மூடியைத் தூக்குவாய், ஃப்ளோட் போய்விட்டது என்பாய், ஹார்ட்வேர் கடையில் புதிது வாங்கி மாட்டிவிட்டுக் கூலியோடு கிளம்புவாய். அரை மணி நேர வேலை என்று ஊரே இதை நினைக்கிறது. அந்த அரை மணியைப் பற்றித்தான் இந்தக் கடிதம். ஃப்ளோட்டை மாற்றுவது அந்த வேலையில் பாதிகூட இல்லை. எதனால் தண்ணீர் நிற்கவில்லை என்று முதலில் கண்டுபிடிப்பதும், மாட்டிய பிறகு அந்த வீட்டுத் தண்ணீரின் அழுத்தத்துக்கு ஏற்றபடி அது தானாக நிற்கிறதா என்று கூடவே இருந்து பார்ப்பதும்தான் வேலை என்பது என் கட்சி.

ஒழுகுகிற டேங்க்கை யாரும் அவசரமாக எடுத்துக்கொள்வதில்லை. குழாய் சொட்டினால் சத்தம் கேட்கும், தரை நனையும். டேங்க்கில் மிஞ்சுகிற தண்ணீரோ ஓவர்ஃப்ளோ பைப் வழியாகக் கோப்பைக்குள் இறங்கி அப்படியே சாக்கடைக்குப் போய்விடுகிறது. பழைய டேங்க்குகள் பலவற்றில் ஓவர்ஃப்ளோ பைப் சுவருக்கு வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். வழிந்தால் பக்கத்து வீட்டுக்காரரே கூப்பிட்டுச் சொல்வார். இன்றைய டேங்க்கில் அந்தச் சாட்சி இல்லை. கணக்குப் போட்டுப் பார். நிமிடத்துக்கு ஒரு டம்ளர், அதாவது 200 மில்லி, இறங்குகிறது என்று வைத்துக்கொள். மணிக்கு 12 லிட்டர், நாளைக்கு 288 லிட்டர். பாதாளச் சாக்கடை உள்ள நகரங்களில் ஒருவருக்கு நாளொன்றுக்கு 135 லிட்டர் என்பது மத்திய அரசின் குடிநீர் வழங்கல் கையேடு வகுத்த அளவு. அப்படியானால் இரண்டு பேர் குடித்து, சமைத்து, குளித்து, துவைப்பதற்கான தண்ணீர் முழுவதும் யார் கண்ணிலும் படாமல் போகிறது. முப்பது நாளில் 8,640 லிட்டர். கிட்டத்தட்ட ஒரு 9,000 லிட்டர் லாரி. 2019-இல் ஏரிகள் வறண்டபோது ஜோலார்பேட்டையிலிருந்து வில்லிவாக்கத்துக்கு ரயிலில் தண்ணீர் வந்தது நினைவிருக்கும். ஜூலை 12 அன்று வந்த முதல் ரயிலில் 50 வேகன்கள், வேகனுக்கு 50,000 லிட்டர், மொத்தம் 25 லட்சம் லிட்டர். நிமிடத்துக்கு ஒரு டம்ளர் விடுகிற டேங்க்குகள் ஏறத்தாழ 8,700 இருந்தால் போதும், ஒரே நாளில் ஒரு ரயில் தண்ணீர் காலி. சென்னை போன்ற ஊரில் 8,700 கழிப்பறைகள் என்பது ஒரு பேட்டையின் கணக்கு. உன் கையில் வருவது சில்லறை வேலை அல்ல என்று நான் சொல்வது இதனால்தான்.

ஆகவே மூடியைத் திறந்ததும் ஸ்பேனரை எடுக்காதே, பார். தண்ணீர் எதுவரை நிற்கிறது? ஓவர்ஃப்ளோ பைப்பின் விளிம்பைத் தொட்டு உள்ளே வழிந்துகொண்டிருந்தால் கோளாறு தண்ணீர் வருகிற பக்கத்தில், அதாவது ஃப்ளோட் வால்வில். விளிம்புக்கு நன்றாகக் கீழே நின்றும், யாரும் ஃப்ளஷ் செய்யாதபோதே அவ்வப்போது 'உஸ்' என்று தண்ணீர் பிடிக்கிற சத்தம் கேட்டால் கோளாறு தண்ணீர் போகிற பக்கத்தில், அடியிலுள்ள ஃப்ளஷ் வால்வின் வாஷரில். இந்த இரண்டாவது வகையில் ஃப்ளோட் தன் வேலையைச் சரியாகத்தான் செய்கிறது: மட்டம் இறங்கினால் திறக்கிறது, ஏறினால் மூடுகிறது. அதைக் கழற்றிப் போட்டுவிட்டுப் புதிதை மாட்டினால் புதிதும் அதையே செய்யும், வீட்டுக்காரர் அடுத்த வாரம் உன்னை மறுபடி கூப்பிடுவார், அல்லது கூப்பிடவே மாட்டார். சந்தேகம் இருந்தால் டேங்க்குக்குத் தண்ணீர் விடுகிற ஆங்கிள் காக்கை மூடு, தண்ணீர் நிற்கிற இடத்தில் பென்சிலால் ஒரு கோடு போடு, அரை மணி கழித்துப் பார். மட்டம் இறங்கியிருந்தால் அடி வாஷர். துணிக்குப் போடுகிற சொட்டு நீலம் எல்லா வீட்டிலும் இருக்கும். நாலைந்து சொட்டு டேங்க்கில் விட்டு ஃப்ளஷ் செய்யாமல் காத்திருந்தால், கோப்பைத் தண்ணீரில் நீலம் இறங்குகிறதா என்று வீட்டுக்காரரே கண்ணால் பார்த்துக்கொள்வார். வழிந்துகொண்டிருக்கிற டேங்க்கில் இந்தச் சோதனையைச் செய்வதானால் ஆங்கிள் காக்கை மூடிவிட்டுச் செய். இல்லையென்றால் நீலம் எந்த வழியாக இறங்கியது என்று சொல்ல முடியாது.

ஃப்ளோட் பக்கம்தான் என்று உறுதியான பிறகும் ஒரு கேள்வி பாக்கி. ஃப்ளோட்டை விரலால் மெல்ல மேலே தூக்கிப் பார். தண்ணீர் நின்றுவிட்டால் வால்வு நன்றாக இருக்கிறது என்று அர்த்தம். மட்டம் தவறாக வைக்கப்பட்டிருக்கும், அல்லது பந்துக்குள் தண்ணீர் புகுந்து கனத்திருக்கும், அல்லது ஃப்ளோட் டேங்க் சுவரிலோ பக்கத்துப் பைப்பிலோ உரசிக்கொண்டிருக்கும். பந்தைக் கழற்றிக் காதருகே ஆட்டினால் உள்ளே தண்ணீர் இருப்பது தெரிந்துவிடும். தூக்கிப் பிடித்தும் நிற்கவில்லை என்றால்தான் வாஷரோ டயஃப்ரமோ தேய்ந்திருக்கிறது, அல்லது அதன் அடியில் மணலோ உப்போ சிக்கியிருக்கிறது. ஆக, 'ஃப்ளோட் போச்சு' என்ற ஒரே பேச்சுக்குள் ஐந்தாறு வெவ்வேறு கோளாறுகள் இருக்கின்றன, அவற்றில் பாதிக்குப் புதிய ஃப்ளோட்டே தேவையில்லை.

தண்ணீர் போகிற பக்கம் ஏன் இத்தனை தொல்லை தருகிறது என்பதற்கு ஒரு வரலாறு உண்டு. பிரிட்டனில் ஃப்ளஷ் டேங்க்குக்கே 'தண்ணீர் விரயத் தடுப்பான்' என்று பெயர் வைத்திருந்தார்கள். அங்கே நெடுங்காலம் சைஃபன் வைத்த டேங்க்கைத்தான் சட்டம் அனுமதித்தது. சைஃபனில் தண்ணீர் ஒரு வளைவின் மேலே ஏறித்தான் இறங்க வேண்டும். கைப்பிடியை அழுத்தித் தள்ளினால் ஒழிய ஒரு சொட்டும் போகாது. தண்ணீருக்கு அடியில் ரப்பர் வாஷர் என்று ஒன்று இல்லாததால் அது கசிய வழியே இல்லை. பட்டனை அழுத்தினால் திறக்கிற அடி வால்வை 1999-இல் வந்த விதிகள்தான் அனுமதித்தன. அந்த அனுமதி நடைமுறைக்கு வந்தது 2001 ஜனவரி 1 முதல். நம் ஊரில் கைப்பிடி வைத்த பழைய பிளாஸ்டிக் டேங்க்குகள் பலவற்றில் சைஃபன்தான் இருக்கிறது. புதிய பட்டன் டேங்க்குகளில் அடி வால்வு. எது எது என்று உனக்குத் தெரிந்திருந்தால், சைஃபன் டேங்க்கில் கோப்பைக்குள் தண்ணீர் வழிகிறது என்றதுமே ஃப்ளோட் பக்கம் போகலாம். பட்டன் டேங்க்கில் இரண்டு பக்கமும் பார்த்தாக வேண்டும்.

இனி ஃப்ளோட்டுக்கு வருகிறேன். அதை ஒரு உதிரிப்பாகம் என்று நினைத்துப் பழகாதே. தானாக அளந்து, தானாக முடிவெடுத்து, தானாக நிறுத்துகிற கருவிகளில் மிகப் பழையது இந்த மிதவை. கி.மு. மூன்றாம் நூற்றாண்டில் அலெக்சாண்ட்ரியாவில் க்டெசிபியஸ் செய்த நீர்க்கடிகாரத்தில் தண்ணீர் ஒரே சீராக விழும்படி மிதவையை வைத்தார் என்கிறார்கள். 1765-இல் ரஷ்யாவின் பர்னாவுல் நகரில் இவான் பொல்சுனோவ் தன் நீராவி எந்திரத்தின் கொதிகலனில் நீர்மட்டத்தைக் காக்க மிதவையைத்தான் நம்பினார். தானியங்கிக் கட்டுப்பாட்டின் வரலாற்றை எழுதுகிறவர்கள் மிதவையிலிருந்துதான் தொடங்குகிறார்கள். நீ போன பிறகு அந்த வீட்டில் எத்தனையோ ஆயிரம் தடவை, யாரும் பார்க்காதபோது, அது தானாக முடிவெடுக்கப் போகிறது. அந்த முடிவு எந்த மட்டத்தில் எடுக்கப்பட வேண்டும் என்பதை நீதான் வைத்துவிட்டுப் போகிறாய். அது கடையில் அட்டைப்பெட்டியிலேயே சரியாக வைக்கப்பட்டு வருவதில்லை, வரவும் முடியாது. காரணம் அழுத்தம்.

பத்து மீட்டர் உயரத்தில் நிற்கிற தண்ணீர் ஒரு சதுர சென்டிமீட்டரை ஏறக்குறைய ஒரு கிலோ எடையோடு அழுத்தும். பழைய வகை வால்வில், தண்ணீர் வருகிற துவாரம் 5 மில்லிமீட்டர் விட்டம் என்றால் அதை அடைக்க வாஷர் சுமார் 200 கிராம் விசையோடு அழுந்த வேண்டும். பந்தின் தண்டு அந்த விசையைப் பத்து மடங்காக்கித் தருகிறது என்று வைத்துக்கொண்டால், பந்து 20 மில்லி தண்ணீரைக் கூடுதலாக விலக்கினால் போதும், அடைத்துவிடும். அதே டேங்க், அதே பந்து, பத்து மாடிக் கட்டடத்தின் கீழ்த்தளத்தில் இருக்கிறது. மொட்டை மாடித் தொட்டி 30 மீட்டர் மேலே. இப்போது 60 மில்லி விலக்க வேண்டும். பந்து இன்னும் ஆழமாக மூழ்கினால்தான் அது நடக்கும். அதாவது டேங்க்கில் தண்ணீர் இன்னும் மேலே ஏறிய பிறகுதான் வால்வு மூடும். மேல்மாடியில் ஒழுங்காக நின்ற அதே அளவு கீழே ஓவர்ஃப்ளோவில் வழிவது இப்படித்தான். பகலில் பல குழாய்கள் திறந்திருப்பதால் அழுத்தம் குறைவாக இருக்கும். இரவில் எல்லாம் மூடியதும் முழு அழுத்தமும் வால்வின் மேல் வந்து உட்காரும். நீ பகலில் பார்த்துச் சரி என்று சொன்ன டேங்க் ராத்திரி வழிந்தால் வீட்டுக்காரர் பொய் சொல்கிறார் என்று எண்ணாதே. அந்த வீட்டிலாவது எல்லாக் குழாய்களையும் மூடச் சொல்லிவிட்டு இன்னொரு முறை பார்த்துக்கொள்.

நேர்மாறான தொல்லையும் உண்டு. இப்போது வருகிற நெட்டையான ஃப்ளோட் வால்வுகளில் டயஃப்ரம் இருக்கிறது. அதில் ஊசிமுனை அளவுக்கு ஒரு துளை. அதன் வழியாகத் தண்ணீர் மறுபக்கம் போய், குழாயின் அழுத்தமே டயஃப்ரத்தை அடைக்க உதவுகிறது. அதனால்தான் சின்ன ஃப்ளோட்டே போதுமானதாக இருக்கிறது. ஆனால் தனி வீட்டில், குளியலறைக்கு நேர் மேலே மொட்டை மாடியில் தொட்டி இருந்தால் தண்ணீர் இரண்டு மீட்டர் உயரத்திலிருந்துதான் வரும். அந்த அழுத்தம் சில வால்வுகளுக்குப் போதாது; மெதுவாகப் பிடிக்கும், முழுதாக மூடாது. அங்கே கடைக்காரர் தருகிற விலை உயர்ந்த வால்வைவிடப் பழைய பந்து வால்வு நன்றாக வேலை செய்யலாம். அந்த ஊசித்துளையில் ஒரு மணல் அடைத்தாலும் தண்ணீர் நிற்காது. போர் தண்ணீரும் லாரித் தண்ணீரும் மாறி மாறி ஏறுகிற நம் தொட்டிகளில் மணலுக்கும் உப்புக்கும் பஞ்சமில்லை. ஆகவே, கழற்றும் முன் வால்வின் தலையைத் திறந்து கழுவிப் பார். வெள்ளையாக உப்புப் படிந்திருந்தால் எலுமிச்சைச் சாற்றிலோ வினிகரிலோ ஊற வைத்தால் கரையும். கோப்பை கழுவுகிற ஆசிட்டை டேங்க்குக்குள் ஊற்றாதே, ஊற்றவும் விடாதே. ரப்பரையும் பித்தளையையும் அது அரிக்கும். டேங்க்குக்குள் போடுகிற குளோரின் வில்லைகளும் நாளடைவில் வாஷரை இற்றுப்போகச் செய்யும்.

மாற்றியே ஆக வேண்டும் என்றால் கைவேலை எளிது, ஆனால் வரிசை முக்கியம். ஆங்கிள் காக்கை மூடி, ஃப்ளஷ் செய்து, அடியில் மிஞ்சியதைப் பழைய துணியால் ஒற்றி எடு. கனெக்ஷன் பைப்பைக் கழற்றியதும் உடனே புதிய வால்வை வைத்துவிடாதே. பைப்பின் முனையை ஒரு பக்கெட்டில் வைத்து ஆங்கிள் காக்கை ஒரு நிமிடம் திறந்துவிடு. லைனில் அடைந்திருந்த துருவும் மணலும் பக்கெட்டில் விழும். விழாவிட்டால் அவை புதிய வால்வின் வயிற்றுக்குள்தான் போகும். பழைய வால்வை உள்ளே ஒரு கையால் அசையாமல் பிடித்துக்கொண்டு வெளியே செக் நட்டைத் திருகு. எடுத்த பிறகு துவாரத்தைச் சுற்றிலும் உப்புப் பொருக்கு இல்லாமல் துடை. ரப்பர் வாஷர் டேங்க்கின் உள்பக்கம் உட்கார வேண்டும். செக் நட்டைக் கையால் முறுக்க முடிகிற மட்டும் முறுக்கி, அதன் பிறகு ஸ்பேனரால் கால் சுற்று, மிஞ்சினால் அரைச் சுற்று. பைப் ரெஞ்சை வைத்து இறுக்கினால் பிளாஸ்டிக் மரை நசுங்கும், பீங்கான் டேங்க்கில் விரிசல் விழும். விரிசல் விழுந்த டேங்க்குக்கு வைத்தியம் இல்லை. வாஷர் அடைக்க வேண்டிய இடத்தில் டெஃப்லான் டேப்பைச் சுற்றுவது கையின் பழக்கம்தானே தவிர அதனால் பயன் இல்லை. கோப்பைக்குத் தண்ணீர் விடுகிற சின்ன ட்யூப் இருந்தால் அதன் முனை ஓவர்ஃப்ளோ பைப்பின் விளிம்புக்கு மேலேயே இருக்கட்டும். உள்ளே ஆழமாகத் தள்ளிவிட்டால் அதுவே சைஃபனாகி டேங்க்கை இழுத்துக்கொண்டிருக்கும்.

மட்டத்தை எங்கே வைப்பது? டேங்க்கின் உள்சுவரில் கம்பெனி ஒரு கோடு போட்டிருந்தால் அங்கே. இல்லையென்றால் ஓவர்ஃப்ளோ விளிம்புக்கு ஒரு அங்குலம் கீழே. பித்தளைத் தண்டு என்றால் மெல்லக் கீழ்ப்பக்கம் வளைத்தால் மட்டம் இறங்கும். பிளாஸ்டிக் தண்டை வளைக்காதே, திருகாணியைத் திருப்பு. தண்ணீரை மிச்சம் பிடிக்க இன்னும் கீழே இறக்கி வை என்று சிலர் சொல்வார்கள். நோக்கம் நல்லதுதான். ஆனால் கோப்பையும் டேங்க்கும் ஒன்றுக்கொன்று பொருந்தும்படி செய்யப்பட்டவை. 10 லிட்டர் டேங்க்கோடு வந்த பழைய கோப்பைக்கு 6 லிட்டரை விட்டால் அது சுத்தமாகாது, வீட்டில் இருப்பவர்கள் இரண்டு தடவை அழுத்துவார்கள், மிச்சம் போய்ச் செலவு வரும். சைஃபன் டேங்க்கில் மட்டம் ரொம்ப இறங்கினால் சைஃபன் பிடிக்கவே பிடிக்காது. தேசியக் கட்டட விதித்தொகுப்பு ஃப்ளஷுக்கு என்று ஒருவருக்கு 45 லிட்டர் ஒதுக்குகிறது. நான்கு பேர் வீட்டுக்கு 180 லிட்டர். மட்டத்தைக் குறைத்து ஃப்ளஷுக்கு ஒரு லிட்டர் மிச்சம் பிடித்தாலும், நாளைக்கு இருபது ஃப்ளஷ் என்றால் இருபது லிட்டர்தான். நிமிடத்துக்கு ஒரு டம்ளர் ஒழுக்கோ 288 லிட்டரைத் தின்கிறது. முதலில் ஒழுக்கு. அதன் பிறகு ஒரு விரற்கடை இறக்கிப் பார், கோப்பை சுத்தமாகிறதா என்று வீட்டில் ஒரு வாரம் கவனிக்கச் சொல். செங்கல்லை உள்ளே போடுகிற வழக்கத்தை மட்டும் கண்ட இடத்தில் நிறுத்து. அது கரைந்து வாஷருக்கடியில் போய் உட்காரும்.

இவ்வளவும் யாரப்பா செய்வது, மொத்த செட்டையும் மாற்றிவிட்டால் பிரச்சினை தீர்ந்தது என்று உன் கூட்டாளிகள் சொல்வார்கள். அதில் உண்மை இல்லாமல் இல்லை. ரப்பர் எல்லாம் இறுகிப்போன பழைய டேங்க்கிலும், உதிரிகள் கிடைக்காத மாடலிலும், சுவருக்குள் புதைத்த டேங்க்கில் பட்டன் பலகையின் சின்ன வாசல் வழியாக ஒவ்வொன்றாகக் கழற்ற வேண்டியிருக்கும்போதும், நானும் மொத்தமாக மாற்றத்தான் சொல்வேன். மற்ற இடங்களில் மொத்த மாற்றம் கோளாறை மறைக்கிறதே ஒழியத் தீர்ப்பதில்லை. லைனில் மணல் இருந்தால் புதிய செட்டும் சில மாதங்களில் அதே நோயில் விழும். அழுத்தம் காரணம் என்றால் புதியதும் வழியும். பணம் போனது வீட்டுக்காரருக்கு, பெயர் போவது உனக்கு.

காத்திருப்பதற்குக் கூலி யார் தருவார்கள் என்பது இதைவிடக் கனமான கேள்வி. நாளைக்கு ஐந்து வீடு பார்த்தால்தான் அடுப்பு எரியும் என்கிறவனிடம் அரை மணி சும்மா நில் என்று சொல்வது சுலபமல்ல. அதற்கு நான் சொல்வது, கூலியை மறைக்காமல் பேசு என்பதுதான். பார்த்துக் கண்டுபிடிப்பதற்கு இவ்வளவு, மாற்றினால் இவ்வளவு என்று வாசலிலேயே சொல்லிவிடு. டாக்டர் பார்த்ததற்கும் பணம் வாங்குகிறார், மருந்துக்கும் தனியாகப் பணம் ஆகிறது. யாரும் குறை சொல்வதில்லை. கண்டுபிடிக்கிற வேலைக்கு விலை வைக்காததால்தான் உதிரிப்பாகத்தில் லாபம் தேட வேண்டியிருக்கிறது, அதனால்தான் தேவையில்லாததை எல்லாம் மாற்ற வேண்டியிருக்கிறது. கழிப்பறை வேலை என்று முகம் சுளிக்கிறவர்களுக்கும் உன் பதில் இதுதான்: அந்த டேங்க்கில் இருப்பது பெரும்பாலான வீடுகளில் சமையலறைக் குழாயில் வருகிற அதே தண்ணீர், அதைக் காப்பது அறிவு வேண்டியிருக்கிற வேலை. அந்த அறிவுக்கு விலை உண்டு.

வீட்டுக்காரருக்கு எல்லாவற்றையும் சொல்லிக்கொடுத்தால் நமக்கு வேலை போய்விடாதா என்று நீ கேட்கலாம். வீடியோ பார்த்து வாஷர் மாற்றுகிறவர்கள் ஏற்கெனவே இருக்கிறார்கள், அது நல்லதுதான். நள்ளிரவில் தண்ணீர் பீறிடும்போது ஆங்கிள் காக் எங்கே இருக்கிறது, எந்தப் பக்கம் திருப்ப வேண்டும் என்று தெரிந்த வீட்டில் நஷ்டம் குறையும். மட்டத் திருகாணியைத் தானே திருப்பத் தெரிந்தவர் அதற்காக உன்னைக் கூப்பிட மாட்டார். ஆனால் சம்ப் கசிந்தால், குளியலறை புதுப்பித்தால், தெரியாத ஆளைத் தேடப் போக மாட்டார். அதனால் கிளம்பும் முன் வீட்டுப் பெரியவரையோ அம்மாவையோ கூப்பிட்டு மூடியைத் திறந்து காட்டு. கழற்றிய பழைய வாஷரைக் கையில் கொடுத்து எங்கே தேய்ந்திருக்கிறது என்று காட்டு. டேங்க்கில் நாலு சொட்டு நீலம் விடு, "அரை மணி யாரும் ஃப்ளஷ் பண்ண வேண்டாம்மா, அப்புறம் கோப்பையைப் பாருங்க, நீலம் தெரிஞ்சா போன் பண்ணுங்க" என்று சொல். போன் வந்தால் போ, அந்த நடைக்குக் கூலி வாங்காதே.

அன்புடன்,
உன் தொழிலை மதிக்கிற ஒருவன்